முகவரி கேட்கும் அரிசி: ரேஷன் அட்டையும் ‘தகுதி’ என்ற சொல்லின் வரலாறும்

2023 டிசம்பர். மிக்ஜாம் புயல் கடந்து இரண்டு வாரம் ஆகியிருந்தது. ஆவடியிலும் அம்பத்தூரிலும் வெள்ளம் வடிந்தும் வீடுகளில் சேற்று வாடை போகவில்லை. 6,000 ரூபாய் நிவாரணத்துக்காக மக்கள் டோக்கனோடு ரேஷன் கடை வரிசையில் நின்றிருந்தார்கள். வரிசையில் சேராமல் சற்றுத் தள்ளி ஒரு அக்கா நின்றார். ஏன் நிற்கவில்லை என்று கேட்டோம்.

“கார்டு ஊர்ல இருக்குது. மாமியார் கார்டுலதான் எங்க பேரெல்லாம். இங்க வந்து பதினோரு வருஷம் ஆச்சு. தண்ணி இங்கதான வந்துது, ஊர்லயா வந்துது?” என்றார்.

கணவருக்கு அம்பத்தூர் தொழிற்பேட்டையில் ஒப்பந்தக் கூலி வேலை. அக்கா நான்கு வீடுகளில் பாத்திரம் தேய்க்கிறார். உள்ளூரில் கார்டு இல்லாதவர்களும் தனியே விண்ணப்பிக்கலாம் என்று அரசு அறிவித்திருந்தது. ஆனால் இங்கேதான் குடியிருக்கிறோம் என்று காட்ட அவரிடம் ஒரு காகிதமும் இல்லை. கரண்ட் பில் வீட்டுக்காரர் பெயரில் இருந்தது. வாடகை ஒப்பந்தம் எழுதித் தர வீட்டுக்காரர் ஒப்பவில்லை.

தமிழ்நாட்டில் ரேஷன் எல்லோருக்கும் உண்டு என்று நாம் பெருமையாகச் சொல்கிறோம். சொல்ல வேண்டிய பெருமைதான். இந்தியாவின் பல மாநிலங்கள் ஏழைகளை அளந்து, பிரித்து, பாதிப் பேரைக் கடையை விட்டு வெளியேற்றியபோது தமிழ்நாடு அதைச் செய்யவில்லை. ஆனாலும் ‘உனக்குத் தகுதி உண்டா?’ என்ற கேள்வி நம் மக்களை விட்டுப் போய்விடவில்லை. வருமானம் எவ்வளவு என்று கேட்பதைக் குறைத்துக்கொண்டு, முகவரி எங்கே என்று கேட்கத் தொடங்கியது. முகவரி என்பது சாதி நம்மிடமிருந்து முதலில் பறித்த பொருள். அந்த வரலாற்றைத்தான் இங்கே பேசப் போகிறோம்.

பஞ்சக் கஞ்சிக்கும் தேர்வு இருந்தது

அரசு கொடுக்கும் உணவுக்குத் ‘தகுதி’ பார்க்கும் வழக்கம் ரேஷன் கடைக்கு மிக முந்தையது. 1876–78 தாது வருடப் பஞ்சத்தில் சென்னை மாகாணத்தில் லட்சக்கணக்கானோர் மாண்டார்கள். 1877 தொடக்கத்தில் பஞ்ச நிவாரணத்தைப் பார்வையிட ரிச்சர்ட் டெம்பிள் அனுப்பப்பட்டார். அவருடைய வேலை உயிரைக் காப்பது மட்டுமல்ல, அரசின் செலவையும் காப்பது. நிவாரணக் கூலியை ஒரு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் சில்லறைக் காசும் என்று வெட்டினார். ஒரு பவுண்டு என்பது அரைக் கிலோவுக்கும் குறைவு. நாள் முழுக்க மண் வெட்டுகிறவருக்கு இது போதாது என்று மாகாணத்தின் சுகாதார ஆணையர் கார்னிஷ் கடுமையாக எதிர்த்து எழுதினார்.

கூலி வெட்டோடு ‘தூரத் தேர்வு’ என்ற ஒன்றும் வந்தது. சொந்த ஊருக்கு அருகில் வேலை கொடுத்தால் பசி இல்லாதவனும் வந்துவிடுவானாம். ஆகவே பல மைல் நடந்து போய் முகாமில் தங்கி உடல் வருந்த வேலை செய்யத் தயாராக இருப்பவரே உண்மையான ஏழை என்றார்கள். நடக்கத் தெம்பு இருந்தவருக்குத் தகுதி இருந்தது. நடக்க முடியாதவர் வழியில் விழுந்தார். சென்னையில் அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் பக்கிங்காம் கால்வாய்ப் பகுதி இந்தப் பஞ்ச நிவாரண வேலையாக வெட்டப்பட்டதுதான். அதன் கரையைக் கடக்கும்போது இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

வேலை செய்ய இயலாதவர்களுக்குக் கிராமத்திலேயே சிறு உதவி உண்டு. அதற்கான பட்டியல் போகும் வழியில் ஊர் மணியக்காரரும் கர்ணமும் இருந்தார்கள். யார் உண்மையான ஏழை என்று மேலே சொன்னவர்கள் நிலமுள்ள சாதிகளைச் சேர்ந்தவர்கள். பட்டியலில் இடம் கேட்டவர்களோ அதே நிலத்தில் பண்ணையாளாகக் கிடந்தவர்கள். பயனாளியைத் தேர்ந்தெடுக்கும் அதிகாரம் உள்ளூரில் யார் கையில் இருக்கிறது என்ற கேள்வியை அன்றிலிருந்து இன்றுவரை நாம் கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

செங்கல்பட்டு, 1891

இன்றைய அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி எல்லாம் அன்று செங்கல்பட்டு மாவட்டத்துக் கிராமங்கள். அந்த மாவட்டத்தின் ஆட்சியர் ட்ரெமென்ஹீர் 1891-ல் பறையர் மக்களின் நிலை குறித்து ஓர் அறிக்கை எழுதினார். அதன் தொடர்ச்சியாக 1892-ல் ஒடுக்கப்பட்டோருக்கு நிலம் ஒதுக்கும் ஆணை வந்தது. பஞ்சமி நிலம் என்று நாம் இன்றும் போராடிக்கொண்டிருப்பது அதைத்தான்.

அந்த அறிக்கையைப் பஞ்சமி நிலத்துக்காக மட்டும் நினைவுகூர்கிறோம். அதில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. சேரி மக்களுக்கு விளைநிலம் இல்லை என்பதோடு, அவர்கள் குடிசை போட்டிருந்த மனையும் அவர்களுடையது அல்ல. அதற்கும் மிராசுதார்கள் உரிமை கொண்டாடினார்கள். கூலியை எதிர்த்துப் பேசினால், வேறு இடத்துக்கு வேலைக்குப் போனால், குடிசையைக் காலி செய் என்று சொல்ல முடிந்தது. தலைமுறை தலைமுறையாக ஓரிடத்தில் வாழ்ந்தும், ‘இது என் வீடு’ என்று காட்ட நம் முன்னோரிடம் ஒரு துண்டுக் காகிதம் இருந்ததில்லை.

இன்றைய விண்ணப்பப் படிவத்தில் ‘இருப்பிடச் சான்று’ என்ற கட்டத்தைப் பார்க்கும்போதெல்லாம் எங்களுக்கு அந்த 1891 அறிக்கைதான் நினைவுக்கு வருகிறது. படிவம் எல்லோரிடமும் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறது. பட்டா வைத்திருக்கும் சாதிக்கு அது சாதாரணக் கேள்வி. மனை மறுக்கப்பட்ட சாதிக்கு அது நூறு ஆண்டுப் பாக்கி.

போரில் பிறந்த அட்டை

ரேஷன் முறை இரண்டாம் உலகப் போரின் குழந்தை. 1942-ல் ஜப்பான் பர்மாவைப் பிடித்ததும் அங்கிருந்து சென்னைக்கு வந்துகொண்டிருந்த அரிசி நின்றது. அடுத்த ஆண்டு வங்கத்தில் பெரும் பஞ்சம். 1943-ல் சென்னை நகரில் ரேஷன் வந்தது. நகரம் கொந்தளிக்கக் கூடாது, தொழிற்சாலையும் துறைமுகமும் ஓட வேண்டும் என்பதே அதன் முதல் நோக்கம். வயலில் விளைவித்தவர்களின் பசி அதற்குப் பின்னால்தான் வந்தது.

1952-ல் முதலமைச்சரான ராஜாஜி உணவுக் கட்டுப்பாட்டை நீக்கினார். 1955 ஜனவரியில் நம் ஆவடியில் காங்கிரஸ் மாநாடு கூடி, ‘சோஷலிச பாணி சமுதாயம்’ அமைப்பதாகத் தீர்மானம் போட்டது. தீர்மானம் ஆவடியின் பெயரால் நாடெங்கும் அறியப்பட்டது. ஆனால் ஒரு படி அரிசி என்ன விலைக்குக் கிடைக்கும் என்ற கேள்விக்கு அதில் பதில் இல்லை. 1960களின் நடுவில் அரிசித் தட்டுப்பாடு முற்றியபோது அந்தக் கேள்வி ஆட்சியையே மாற்றியது. ரூபாய்க்கு மூன்று படி லட்சியம், ஒரு படி நிச்சயம் என்று சொல்லி 1967-ல் தி.மு.க. வென்றது. ஒரு படித் திட்டம் சென்னையிலும் கோவையிலும் தொடங்கியது. செலவு தாங்காமல் அதற்கு மேல் விரிவடையவில்லை. ஆனால் அரிசி என்பது அரசு பதில் சொல்ல வேண்டிய விஷயம் என்பது அதன்பின் தமிழ்நாட்டு அரசியலில் நிலைத்துவிட்டது. 1972-ல் தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகம் உருவானது. கூட்டுறவுக் கடைகள் கிராமங்களுக்கும் போயின.

இதில் ஒன்றைக் கவனியுங்கள். பஞ்ச நிவாரணம் ஆளைப் பார்த்துக் கொடுத்தது. ரேஷனோ அட்டையைப் பார்த்துக் கொடுத்தது. மணியக்காரரின் தயவு தேவைப்படவில்லை. பண்ணையாரிடம் கடன் நெல் வாங்கி அடிமைப்படும் குடும்பத்துக்கு மாதம் இருபது கிலோ அரிசி என்பது வயிற்றுக்கு மட்டுமான உதவி இல்லை. கூலிக்குப் பேரம் பேசும் தைரியத்தையும் அது கொடுத்தது. ‘இலவச அரிசி தின்று சோம்பேறியாகிவிட்டார்கள், வேலைக்கு ஆள் வருவதில்லை’ என்று நிலம் வைத்திருப்பவர்கள் ஏன் எரிச்சல் படுகிறார்கள் என்பதற்கு விடை இதில் இருக்கிறது.

அளந்து கொடுக்கச் சொன்ன ஆண்டுகள்

1997-ல் மத்திய அரசு ரேஷன் முறையை மாற்றியது. வறுமைக் கோட்டுக்குக் கீழே, மேலே என்று குடும்பங்களைப் பிரித்து, மேலே உள்ளவர்களுக்கு மானியத்தைக் குறைத்தது. காகிதத்தில் இது நியாயமாகத் தெரியும்: ஏழைக்கு மட்டும் கொடுப்பதில் என்ன தவறு? தவறு பட்டியலில் இருந்தது. வசதியுள்ள பலர் உள்ளே நுழைந்தார்கள், பரம ஏழைகள் பலர் வெளியே நின்றார்கள். உள்ளூரில் செல்வாக்கு உள்ள சாதி, பட்டியலிலும் செல்வாக்கோடு இருந்தது.

தமிழ்நாடு அந்தப் பிரிவினையை ஏற்கவில்லை. ஆனால் உள்ளேயே ஒரு முயற்சி நடந்தது. அ.தி.மு.க. ஆட்சியில், மாதம் 5,000 ரூபாய்க்கு மேல் வருமானம் உள்ள குடும்பங்களின் அட்டையில் ‘எச்’ முத்திரை குத்தி அரிசியை நிறுத்தும் முறை வந்தது. 2004 மக்களவைத் தேர்தலில் படுதோல்வி அடைந்ததும் அதே ஆட்சி அதைத் திரும்பப் பெற்றது. பிறகு விலை இறங்கிக்கொண்டே வந்தது. 2006-ல் கிலோ 2 ரூபாய், 2008-ல் 1 ரூபாய், 2011 ஜூன் முதல் இலவசம்.

இதே காலத்தில் உச்ச நீதிமன்றத்தில் ஒரு வழக்கு நடந்தது. கிடங்குகளில் தானியம் மக்கும்போது மக்கள் பட்டினி கிடப்பதை எதிர்த்து மக்கள் சிவில் உரிமைக் கழகம் 2001-ல் தொடுத்த வழக்கு அது. அதில் வந்த உத்தரவுகள்தான் உணவைச் சலுகை என்ற இடத்திலிருந்து உரிமை என்ற இடத்துக்கு நகர்த்தின. 2013-ல் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 2016 நவம்பர் முதல் தமிழ்நாடு அதைச் செயல்படுத்துகிறது.

அந்தச் சட்டம் தமிழ்நாட்டு நகர்ப்புற மக்களில் 37.79 சதவீதம் பேரையும், கிராமப்புறத்தில் 62.55 சதவீதம் பேரையும்தான் ஏற்கிறது. மீதிப் பேருக்கான செலவு மாநிலத்தின் தலையில். அதனால் அட்டைகள் ‘முன்னுரிமை’, ‘முன்னுரிமையற்றது’ என்று பிரிந்தன. இரண்டுக்கும் அரிசி இலவசம்தான். ஆனால் முன்னுரிமை அட்டைக்கு ஆளுக்கு 5 கிலோ என்ற கணக்கு உண்டு. மற்றதற்கு 20 கிலோவே உச்சம். ஆறு பேர் உள்ள குடும்பத்துக்கு மாதம் 10 கிலோ வித்தியாசம்.

2017-ல் மாநில அரசு வெளியிட்ட விதிகள் முன்னுரிமைக்கு யார் தகுதியற்றவர் என்று பட்டியலிட்டன. கார், ஏசி, மூன்று அறை கொண்ட கான்கிரீட் வீடு என்று போகும் அந்தப் பட்டியலில் ஆண்டு வருமானம் 1 லட்சம் ரூபாய்க்கு மேல் என்பதும் இருந்தது. எதிர்ப்பு கிளம்பியதும், யாருக்கும் அரிசி நிற்காது என்று அரசு உறுதி சொன்னது. கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஆண்டுக்கு 1 லட்சம் என்றால் மாதம் 8,333 ரூபாய். மாதம் 26 நாள் வேலை என்றால் நாளைக்கு 320 ரூபாய். சென்னையின் ஓரத்தில் வாடகை கொடுத்து வாழும் ஒரு துப்புரவுத் தொழிலாளியைக்கூட ‘வசதியானவர்’ ஆக்கிவிடும் கோடு இது. அரிசி நிற்கவில்லை. ஆனால் கோடு போட்டாயிற்று. எப்போது வேண்டுமானாலும் அதைக் காட்ட முடியும்.

அட்டைதான் வாசல்

ஸ்மார்ட் கார்டு 2017-ல் வந்தது. அப்போதிலிருந்து அது அரிசிக்கான அட்டை என்பதைத் தாண்டி வளர்ந்துவிட்டது. கொரோனாவில் 2020-ல் 1,000 ரூபாயும், 2021-ல் இரண்டு தவணையில் 4,000 ரூபாயும் அரிசி அட்டைக்குத்தான் வந்தன. பொங்கல் பரிசும் அட்டைக்குத்தான். மிக்ஜாம் நிவாரணமும் அட்டைக்குத்தான். 2023 செப்டம்பரில் தொடங்கிய கலைஞர் மகளிர் உரிமைத் தொகையின் கணக்கும் குடும்ப அட்டையிலிருந்துதான் தொடங்குகிறது. அங்கே வருமானம், நிலம், மின்சார யூனிட் எல்லாம் பார்க்கப்படுகின்றன. ரேஷனில் விரட்டிய தேர்வு, பக்கத்து வாசல் வழியாக உள்ளே வந்திருக்கிறது.

அட்டையின் மதிப்பு ஏற ஏற, அட்டை கிடைப்பது கடினமாகிறது. புதிய அட்டை கேட்பவர்கள் எல்லாம் பணத்துக்காக வீட்டைப் பிரிக்கிறார்கள் என்ற சந்தேகத்தோடு பார்க்கப்படுகிறார்கள். 2023-ல் புதிய அட்டை வழங்கல் பல மாதங்கள் தேங்கிக் கிடந்தது. ஆய்வுக்கு வருகிறவர் தனிச் சமையல் இருக்கிறதா என்று பார்க்கிறார். பட்டரவாக்கத்திலும் திருமுல்லைவாயலிலும் பத்துக்குப் பத்து அறையில் அடுப்பை வாசலில் வைத்துச் சமைக்கும் குடும்பத்துக்குத் தனிச் சமையலறை எங்கிருந்து வரும்?

எங்கள் பகுதியில் அட்டை இல்லாமல் நிற்பவர்கள் யார் என்று பார்த்தால் வரலாறு அப்படியே வரிசையில் நிற்பது தெரியும். வட மாவட்டச் சேரிகளிலிருந்து தொழிற்பேட்டைக்கு வந்து, சாதியை விசாரிக்கும் வீட்டுக்காரர்களிடம் வாய் திறக்காமல் வாடகைக்கு இருப்பவர்கள். அவர்களால் ஒப்பந்தம் எழுதிக் கேட்க முடியாது. கேட்டால் வீடு போகும். 1891-ன் மிராசுதாருக்கும் இந்த வீட்டுக்காரருக்கும் இந்த ஒரு விஷயத்தில் வேறுபாடு குறைவு.

கூவம் கரையிலிருந்து அகற்றப்பட்டு அம்பத்தூர் அத்திப்பட்டிலும் பூந்தமல்லிக்கு அப்பால் கூடப்பாக்கத்திலும் குடியமர்த்தப்பட்டவர்கள். முகவரி மாற்றும் வரை பழைய கடைக்குப் பஸ் செலவு செய்து போனார்கள். 2020 அக்டோபருக்குப் பிறகு எந்தக் கடையிலும் அரிசி வாங்கலாம் என்றானது நல்ல மாற்றம். ஆனால் நிவாரணப் பணம் வரும்போது முகவரிதான் பேசும். அடுத்து, ஏரிக்கரைகளிலும் செங்கல் சூளைகளிலும் இருக்கும் இருளர் குடும்பங்கள். கடைசியாக, ஒடிசாவிலிருந்தும் பிகாரிலிருந்தும் வந்தவர்கள். ஒரே நாடு ஒரே ரேஷனில் அவர்களுக்கு மத்திய அரசின் பங்கு மட்டும் கிடைக்கும், அதுவும் ஊரில் அட்டை இருந்தால்தான்.

காகிதம் இல்லாததால் சாவு வருமா என்று கேட்பவர்கள் உண்டு. 2017 செப்டம்பரில் ஜார்க்கண்டின் சிம்தேகா மாவட்டத்தில் 11 வயதுச் சிறுமி இறந்தாள். ஆதார் இணைக்காததால் குடும்பத்தின் ரேஷன் நின்றிருந்தது. சோறு கேட்டுக்கொண்டே செத்தாள் என்றார் தாய். நோயால் இறந்தாள் என்றது அரசு. தமிழ்நாட்டில் அப்படி நடக்காது என்ற நம்பிக்கை நமக்கு இருக்கிறது. அந்த நம்பிக்கையைக் காப்பாற்றுவது நம் வேலை.

நம் கையில் இருப்பவை

தோழர்களே, சட்டத்தில் நமக்குச் சாதகமானவை இருக்கின்றன. அவற்றை எடுத்துக்கொண்டு தெருவுக்குப் போக வேண்டும்.

உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 13-ஆம் பிரிவின்படி குடும்பத்தின் மூத்த பெண்தான், பதினெட்டு வயது நிறைந்தவராக இருந்தால், அட்டைக்குத் தலைவர். கணவன் ஒப்ப வேண்டும் என்று யாராவது சொன்னால் இந்தப் பிரிவைக் காட்டுங்கள்.

ஆதரவற்ற கைம்பெண்கள், தனித்து வாழும் பெண்கள், துணையற்ற முதியோர், மாற்றுத்திறனாளி உள்ள ஏழைக் குடும்பங்கள் ஆகியோருக்கு அந்தியோதயா அட்டை தர வேண்டும் என்று 2003 மே மாதத்தில் உச்ச நீதிமன்றம் சொன்னது. தொல்குடிகளையும் அது சேர்த்தது. இருளர் அந்தப் பட்டியலில் வருகிறார்கள். அந்தியோதயா என்றால் குடும்பத்துக்கு மாதம் 35 கிலோ. உங்கள் பகுதியில் எத்தனை இருளர் வீட்டில் அது இருக்கிறது என்று கணக்கெடுங்கள்.

இ-ஷ்ரம் தளத்தில் பதிந்தும் அட்டை இல்லாத தொழிலாளர்களுக்கு அட்டை வழங்க வேண்டும் என்று 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் மத்திய, மாநில அரசுகளுக்கு உத்தரவிட்டது. விண்ணப்பத்தோடு இதையும் குறிப்பிட்டு மனு கொடுங்கள்.

சட்டத்தின் 29-ஆம் பிரிவு, கண்காணிப்புக் குழுக்களில் பட்டியல் சாதியினர், பழங்குடியினர், பெண்கள் ஆகியோருக்கு இடம் வேண்டும் என்கிறது. உங்கள் கடைக்கான குழுவில் யார் இருக்கிறார்கள் என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். மாதத்தின் இரண்டாவது சனிக்கிழமை நடக்கும் ரேஷன் குறைதீர் முகாமுக்கு ஒருவரைத் தனியே அனுப்பாதீர்கள். பத்துப் பேராகப் போங்கள். மனு கொடுத்தால் ஒப்புகைச் சீட்டு வாங்காமல் திரும்பாதீர்கள். மறுத்தால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். எழுத்தில் வந்த மறுப்போடு மேல்முறையீட்டுக்குப் போகலாம், மாநில உணவு ஆணையம் வரை போகலாம். வாய்ச்சொல்லோடு எங்கும் போக முடியாது.

இவை எல்லாம் அன்றாட வேலை. இவற்றுக்கு மேல் ஒரு கோரிக்கை இருக்கிறது. வீட்டுக்காரரின் கையெழுத்து இல்லாமலே, நேரில் வந்து பார்த்து அக்கம்பக்கத்தார் சொல்வதை ஏற்று இருப்பிடத்தை உறுதி செய்யும் முறை வேண்டும். ஆய்வுக்கு எப்படியும் அலுவலர் வருகிறார். சமையலறையைத் தேடும் கண்கள் மனிதர்களைப் பார்த்தால் போதும்.

அந்த அக்காவுக்கு அந்த 6,000 ரூபாய் கிடைக்கவில்லை. மாமியார் அட்டையிலிருந்து பெயர் நீக்கவே அவர் நெடுநாள் தயங்கினார். பெயர் நீங்கினால் அங்கே கிழவிக்கு அரிசி குறையும், இங்கே புதிய அட்டை கிடைக்காமல் போனால் இரண்டு பக்கமும் நஷ்டம். பிறகு ஒரு நாள் அவரே வந்தார், நீக்கல் விண்ணப்பம் போட்டோம். வாடகை ஒப்பந்தத்துக்கு அந்தத் தெருப் பெண்கள் ஏழு பேர் சேர்ந்து வீட்டுக்காரரிடம் பேசப் போனார்கள். தனியாகக் கேட்டபோது மறுத்தவர், ஏழு பேர் வாசலில் நின்றபோது கையெழுத்துப் போட்டார். புதிய அட்டைக்கு விண்ணப்பித்து, அலைந்து, ஆய்வு முடிந்து, அட்டை வர ஓர் ஆண்டுக்கு மேல் ஆனது.

அட்டை வாங்கிய அன்று அவர் அரிசியைப் பற்றிப் பேசவில்லை. முகவரி அச்சான இடத்தை விரலால் தடவிப் பார்த்து, “இப்ப நாங்க அம்பத்தூருதான், இல்ல?” என்று கேட்டார்.

ஆமாம் அக்கா, பதினோரு வருடத்துக்கு முன்பே அம்பத்தூர்தான்.

ஜெய்பீம்.